ஓவர்ஒர்க்குக்குக் காசு கேட்கலாமா?

நீங்கள் கேட்டதை முதலில் என் வாயால் ஒருமுறை சொல்லிவிடுகிறேன், சரியாகப் பிடித்திருக்கிறேனா பாருங்கள். கடலூர் சிப்காட்டில் ஒரு கம்பெனியில் ஷிஃப்ட் வேலை. ரிலீவர், அதாவது மாற்று ஆள், வராததால் மூன்று நாள் தலா 12 மணி நேரம் நின்றிருக்கிறீர்கள். அதற்கப்புறம் மேனேஜருக்கு இங்கிலீஷில் லெட்டர்: 'ஐ டிட் த்ரீ டேஸ் ஓவர்ஒர்க், கைண்ட்லி பே.' அவர் படித்துவிட்டு, 'ஓவர்ஒர்க்குக்கெல்லாம் காசு கிடையாதுப்பா' என்று சிரித்தபடி லெட்டரைத் திருப்பிக் கொடுத்திருக்கிறார். அகராதியில் 'அளவுக்கு மீறிய வேலை' என்றுதானே போட்டிருக்கிறது, அப்படியென்றால் என்ன தப்பு, தமிழில் இதற்குச் சரியான சொல் எது என்று கேட்கிறீர்கள். சேர்த்து எழுதுவதா பிரித்து எழுதுவதா என்று கடைசி வரியில் ஒரு கேள்வி. மேலோட்டமாகப் பார்த்தால் இது சொல் பற்றிய சந்தேகம். அடியில் கிடப்பது, அந்த மூன்று நாளுக்குப் பணம் உண்டா இல்லையா என்பது. இரண்டையும் சேர்த்தே அவிழ்க்க வேண்டியிருக்கிறது.

நான் புதுச்சேரி முதலியார்பேட்டைக்காரன். முப்பது வருஷமாக மனு, ஒப்பந்தம், கோர்ட்டுக் காகிதம் என்று தமிழுக்கும் இங்கிலீஷுக்கும் கொஞ்சம் பிரெஞ்சுக்கும் நடுவில் மொழிபெயர்த்துப் பிழைக்கிறவன். சொல்லைப் பற்றி நான் சொல்வதை நம்பலாம். வக்கீலும் இல்லை, டாக்டரும் இல்லை. அந்தப் பக்கம் போகும்போது எங்கே என் பேச்சை நிறுத்திக்கொள்ள வேண்டும் என்று தெரியும்.

மேனேஜர் சிரித்தது நியாயமில்லை. ஆனால் இங்கிலீஷ் கணக்கில் அவர் சொன்ன வாக்கியம் சரி. காசு என்று கேட்க வேண்டிய சொல் ஓவர்டைம். ஓவர்டைம் என்பது எண்ணிக் காட்டக்கூடியது. இத்தனை மணிக்கு ஷிஃப்ட் முடிய வேண்டும், இத்தனை மணிக்கு வெளியே வந்தேன், நடுவில் இருப்பது ஓவர்டைம். ஓவர்ஒர்க்கை அப்படி எண்ண முடியாது. ஒரு மனிதனிடம் அவன் தாங்குவதற்கு மேல் வேலை வாங்கியாயிற்று என்கிற தீர்ப்பு அந்தச் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. ராத்திரி வாட்ச்மேன் இன்னொரு நாலு மணி நேரம் நாற்காலியில் உட்கார்ந்திருந்தால் அது ஓவர்டைம். ஓவர்ஒர்க் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். மறுபக்கம், ஒரு நிமிஷம்கூட ஓவர்டைம் இல்லாமல் ஒருவனை ஓவர்ஒர்க்கில் சாகடிக்கலாம். என் அப்பா ஒரு மில்லில் தறி ஓட்டியவர். இரண்டு தறி பார்த்தவரை ஒரு கட்டத்தில் நாலு தறி பார்க்கச் சொன்னார்கள். அதே எட்டு மணி நேரம், அதே சங்கு. இரண்டு தறியில் எந்தத் தறியில் இழை அறுந்தது என்று சத்தத்திலேயே தெரியுமாம். நாலு தறியானதும் காது கைகொடுக்கவில்லை. துணி ஓடிய பிறகுதான் கண்ணில் படும், பிடித்தம் சம்பளத்தில் விழும். மஸ்டர் ரோலில், அதாவது வருகைப் பதிவேட்டில், அவர் கணக்கு எட்டு மணி நேரம், ஒரு பிசிறு இல்லாமல்.

இலக்கணமும் இதையே காட்டிக்கொடுக்கிறது. ஓவர்ஒர்க் பெயர்ச்சொல்லாக வரும்போது பெரும்பாலும் ஒரு காரணமாகத்தான் வரும்: 'இல் ஃப்ரம் ஓவர்ஒர்க்', அளவு மீறிய வேலையால் படுத்துவிட்டார். அதற்குப் பன்மை கிடையாது, 'ஆன் ஓவர்ஒர்க்' கிடையாது, 'டிட் ஓவர்ஒர்க்' என்றால் இங்கிலீஷ்காரன் காதில் உறுத்தும். வினையாக வந்தால் யாரோ யாரையோ வதைக்கிறார்கள்: 'தே ஓவர்ஒர்க் தெயர் ஸ்டாஃப்.' தன்னைத்தானே வதைத்துக்கொண்டாலும் சொல்லலாம். பேச்சில் அதிகம் புழங்குவது இது எதுவுமில்லை, 'ஓவர்ஒர்க்ட்' என்கிற வடிவம்தான். 'ஐ ஆம் ஓவர்ஒர்க்ட்' என்றால் பிழையில்லாத வாக்கியம். ஆனால் அது முறையீடு, பில் ஆகாது.

நம் ஆட்களுக்கு இது ஏன் குழம்புகிறது என்றால், 'ஓவர்' என்ற சொல்லை நாம் எப்போதோ தமிழாக்கிக்கொண்டோம். 'ரொம்ப ஓவரா பண்ணாதே' என்றால் அளவு மீறாதே. 'படம் ஓவர்' என்றால் முடிந்துவிட்டது. 'ஒர்க் ஓவர் சார்' என்று எலெக்ட்ரீஷியன் சொன்னால் வேலை முடிந்தது, காசு கொடுங்கள் என்று அர்த்தம். இங்கிலீஷில் அதே இரண்டு சொல்லை வினையாக்கி ஒரு மனிதன் மேல் ஏவினால் ('ஒர்க் ஹிம் ஓவர்'), அவனை அடித்துத் துவைப்பது. ஓவர்டைமில் இருக்கிற 'ஓவர்' சும்மா 'மேற்பட்ட' என்பது. ஓவர்ஒர்க்கில் இருக்கிற 'ஓவர்' நம் 'ரொம்ப ஓவர்' இருக்கிறதே, அதுதான். ஒரே எழுத்து, இரண்டு வேலை.

மனிதர்களுக்கு மட்டுமல்ல, பொருளுக்கும் இந்தச் சொல் உண்டு. அதைப் பார்த்தால் அர்த்தம் இன்னும் தெளியும். எங்கள் வீட்டுச் சுவர் பூசும்போது கொத்தனார் தன் கையாளைத் திட்டினார்: 'போதும் விடுடா, தேய்ச்சுக்கிட்டே இருந்தா பால் மேல வந்துடும்.' கரணையால் தேய்க்கத் தேய்க்க மேலே பளபளப்பு வரும், பார்க்க அழகாக இருக்கும். ஆனால் தண்ணீரும் சிமெண்ட் பாலும் மேலே ஏறி, காய்ந்த பிறகு மயிரிழை மயிரிழையாக வெடிக்கும், கை வைத்தால் மாவு உதிரும். அதைத்தான் இங்கிலீஷில் 'ஓவர்ஒர்க்ட்' என்கிறார்கள். மைதா மாவுக்கும் அப்படித்தான். பரோட்டா மாஸ்டர் பிசைந்து அடிக்கிற அடி பரோட்டாவுக்கு வேண்டும். அதே அடியை பிஸ்கட் மாவுக்குக் கொடுத்தால் வெந்து வரும்போது பல்லுக்கு வேலை. எவ்வளவு உழைப்பு அதிகம் என்பது எதற்காக என்பதைப் பொறுத்தது. ஒரு சொல்லையே ஓயாமல் பயன்படுத்தித் தேய்த்துவிட்டாலும் அந்தச் சொல் ஓவர்ஒர்க்ட். எங்கள் ஊர் ஃப்ளெக்ஸ் பேனர்களில் 'மாபெரும்' என்ற சொல்லுக்கு நடக்கிற கொடுமையை நினைத்துக்கொள்ளுங்கள். ரத்ததான முகாமும் மாபெரும், காதுகுத்தும் மாபெரும்.

இந்தச் சொல்லின் பழைய கதையும் கொஞ்சம் விநோதம். ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய இங்கிலீஷில் இதே இரண்டு துண்டுகளைச் சேர்த்த வினைக்கு, ஒன்றின் மேற்பரப்பு முழுவதும் வேலைப்பாடு செய்வது என்று பொருள். பெயர்ச்சொல்லுக்கு, மேலே எழுப்பிய கட்டடம், கல்லறை என்று பொருள். இதை வைத்து வாட்ஸ்அப்பில் யாரும் தத்துவம் எழுதிவிடாதீர்கள். அந்தக் கல்லறைக்கும் இன்றைய அர்த்தத்துக்கும் நேர்த்தொடர்பு இல்லை. அளவுக்கு மீறி வேலை வாங்குவது என்ற பொருள் பதினாறாம் நூற்றாண்டில் தனியாகப் பிறந்து வந்தது. எனக்கு இதைவிடப் பிடித்தது பிரெஞ்சுச் சொல். ஓவர்டைமுக்கு அவர்கள் 'எர் சுப்ளெமாந்தேர்' என்பார்கள், உபரி மணிகள், அவ்வளவுதான். ஓவர்ஒர்க்குக்குச் சொல் 'சுர்மெனாஜ்'. குதிரையையோ பொதிமாட்டையோ அதன் சக்திக்கு மேல் ஓட்டுவது என்பதிலிருந்து வந்த சொல். மனிதனுக்கு அது பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது.

மாடு என்றதும் தமிழுக்கு வந்துவிடலாம். பத்திரிகைகளில் 'பணிச்சுமை', பேச்சில் 'வேலைப்பளு'. இரண்டும் நல்ல சொற்கள், ஆனால் இரண்டும் சுமையைத்தான் சொல்கின்றன. தூக்க முடிகிற சுமையும் சுமைதான். அதனால்தான் 'பணிச்சுமை அதிகம்' என்று இன்னொரு சொல்லை ஒட்ட வேண்டியிருக்கிறது. (போகிற போக்கில்: வேலைப்'பழு' என்று எழுதாதீர்கள். பழு என்றால் விலா எலும்பு, ஏணிப்படி. எலும்பு தெரிகிற அளவுக்கு வேலை வாங்குகிறார்கள் என்று சொல்ல நினைத்தால் தவிர.) 'மிகைப்பணி' என்று சிலர் எழுதுகிறார்கள். ஆக்கிய சொல்லாகக் குற்றமில்லை, ஆனால் படிக்கிறவர் அதை மிகைநேரப் பணி என்று, அதாவது ஓவர்டைம் என்றே எடுத்துக்கொள்கிறார். உங்களுக்கு இங்கிலீஷில் நடந்த விபத்து தமிழிலும் நடக்கும். ஓவர்டைமுக்கு நம் அலுவலகத் தமிழில் 'மிகைநேர ஊதியம்', 'கூடுதல் நேரப் பணி' இரண்டும் செல்லும். இலங்கைத் தமிழர்கள் 'மேலதிக நேரக் கொடுப்பனவு' என்பார்கள். ஷாப் ஃப்ளோரில் எல்லோருக்கும் அது 'ஓ.டி.' தான்.

ஓவர்ஒர்க்கின் முழு அர்த்தத்தையும் சுமக்கிற ஒரு தமிழ்த் தொடர் இருக்கிறது, நம் பாட்டிகள் தினம் சொன்னது: மாடாய் உழைத்து ஓடாய்த் தேய்ந்து. முன்பாதி காரணம், பின்பாதி விளைவு. தனிப் பெயர்ச்சொல்லாக அதைச் சுருக்க முடியாது என்பதுதான் மொழிபெயர்ப்பாளனுக்குத் தலைவலி. அந்தத் தலைவலியில் நான் ஒருமுறை தோற்றிருக்கிறேன். தொழிலுக்கு வந்த புதிது. பண்ருட்டிப் பக்கம் முந்திரி உடைக்கிற பெண்கள் பத்துப் பன்னிரண்டு பேர் ஒரு மனு எழுதிக்கொண்டு வந்தார்கள். அதில் 'காலை ஆறு மணியிலிருந்து இருட்டும்வரை மாடாய் உழைத்து ஓடாய்த் தேய்ந்துவிட்டோம்' என்று ஒரு வரி. கொட்டை ஓட்டின் எண்ணெய் பட்டு விரல் நுனியெல்லாம் கறுத்துத் தோல் உரிந்த கைகள் அந்தக் காகிதத்தை நீட்டின. நான் இங்கிலீஷில் போட்டது: 'வி ஒர்க் வெரி ஹார்ட் ஃப்ரம் சிக்ஸ் இன் த மார்னிங்.' தமிழ் தெரியாத அதிகாரி படித்தார், முகம் மலர்ந்தது, 'வெரி குட், வெரி குட்' என்றார். வயதான ஒரு அம்மா என் பக்கம் குனிந்து, 'என்னா தம்பி சொல்றாரு?' என்றார். 'பாராட்டுறாரும்மா.' 'அதுக்கா பஸ் ஏறி வந்தோம்?'

அன்றைக்கு எனக்குப் புரிந்தது ஒன்று. தமிழில் உழைப்பு என்ற சொல்லுக்குக் கெட்ட பெயரே கிடையாது. இரங்கல் பேனரில்கூட 'ஓய்வறியா உழைப்பாளி' என்று போடுகிறோம், ஏன் ஓய்வறியவில்லை என்று யாரும் கேட்பதில்லை. அதனால் குறையைச் சொல்ல வருகிறவர் 'கடுமையாக உழைத்தேன்' என்று எழுதினால், மேசைக்கு அந்தப் பக்கம் அது நற்சான்றிதழாகப் போய்ச் சேர்கிறது. மனுவில் உழைப்பு என்ற சொல்லையே இப்போதெல்லாம் நான் தவிர்க்கிறேன். 'வேலை வாங்கினார்கள்' என்று எழுதுவேன். வாங்கியவர் யார் என்ற கேள்வி தானாக எழும்.

மணியை எண்ணுவது என்ற பழக்கம் இந்தக் கரையில் சும்மா வரவில்லை. 1936 ஜூலை 30 அன்று புதுச்சேரி சவானா மில்லில் வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்கள் மேல் பிரெஞ்சுப் போலீஸ் சுட்டதில் 12 பேர் இறந்தார்கள். எட்டு மணி நேர வேலை அவர்களுடைய கோரிக்கைகளில் ஒன்று. வ. சுப்பையா முன்நின்ற போராட்டம் அது. 1937இல் எட்டு மணி நேரம் இங்கே சட்டமாக வந்தது. இதுவரை உறுதி. 'ஆசியாவிலேயே முதன்முறையாக' என்று ஒவ்வொரு ஜூலை 30க்கும் மேடையில் சொல்வார்கள். அந்த இடத்தில் எனக்குப் பேனா நகராது. சோவியத் அரசு 1917இலேயே எட்டு மணி நேர ஆணை போட்டுவிட்டது, அதன் நிலத்தில் பெரும்பகுதி ஆசியா. 'பிரிட்டிஷ் இந்தியாவுக்கு முன்பே' என்று எழுதினால் மறுக்க ஆளில்லை. 1919இல் போட்ட முதல் சர்வதேசத் தொழிலாளர் ஒப்பந்தம் நாளுக்கு 8, வாரத்துக்கு 48 என்று சொல்லிவிட்டு, பிரிட்டிஷ் இந்தியாவுக்கு 60 மணி நேரம் என்று தனிப் பிரிவு வைத்தது. 1934 சட்டம் அதை வருஷம் முழுக்க ஓடும் ஆலைகளுக்கு 54 ஆக்கியது. 48க்கு வந்தது 1946இல். அதாவது உங்கள் கடலூர் பிரிட்டிஷ் சீமை, என் புதுச்சேரி பிரெஞ்சுச் சீமை. இருபத்துச் சொச்சம் கிலோமீட்டர் இடைவெளியில் ஒன்பது வருஷம் இரண்டு விதமான வாரம் ஓடியிருக்கிறது.

உங்கள் மூன்று நாளுக்கு வருகிறேன். 1948ஆம் வருஷத் தொழிற்சாலைகள் சட்டம், நாளுக்கு 9 மணி நேரத்தையோ வாரத்துக்கு 48 மணி நேரத்தையோ தாண்டினால் தாண்டிய நேரத்துக்கு இரட்டிப்பு ஊதியம் என்று வைத்தது. நாள் கணக்குப் போட்டால் 12இல் 9 போக 3, மூன்று நாளுக்கு 9 மணி. அதே வாரத்தில் மற்ற மூன்று நாளும் எட்டெட்டு மணி பார்த்திருந்தால் மொத்தம் 60. வாரக் கணக்கில் 12 மணி வருகிறது. சாப்பாட்டு இடைவேளை இதில் கழியும், மறக்காதீர்கள். 2025 நவம்பர் 21 முதல் நான்கு புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்திருக்கின்றன. அதில் நாளுக்கு வரம்பு 8 மணி, இரட்டிப்பு அப்படியே இருக்கிறது. நீங்கள் கம்பெனி ரோலா காண்ட்ராக்டா, சூப்பர்வைசர் என்று ஏதாவது பெயர் கொடுத்து வைத்திருக்கிறார்களா என்பதைப் பொறுத்து விஷயம் மாறலாம். அந்த இடத்தில் என் பேச்சை நிறுத்திக்கொள்கிறேன். தொழிற்சாலை ஆய்வாளர் அலுவலகத்திலோ யூனியனிலோ கேளுங்கள். ஒன்று மட்டும் தெளிவு: சட்டத்தில் காசு என்று வருகிற இடத்தில் எல்லாம் இருக்கிற சொல் ஓவர்டைம்.

அப்படியானால் ஓவர்ஒர்க் என்ற சொல்லுக்கு எங்குமே மதிப்பில்லையா என்றால், உண்டு, அதற்கும் எண்ணைக் கட்டிவிட்ட பிறகு. ஜப்பானியர்கள் 'கரோஷி' என்கிறார்கள். 'கரோ' என்றால் ஓவர்ஒர்க், 'ஷி' என்றால் சாவு. அதே எழுத்துகளைக் கொரியர்கள் 'குவாரோசா' என்று படிக்கிறார்கள். மூளையிலோ இதயத்திலோ அடைப்பு வந்தவர், அதற்கு முந்தைய ஒரு மாதத்தில் 100 மணி நேரமோ, இரண்டு முதல் ஆறு மாதங்களில் மாதம் சராசரி 80 மணி நேரமோ ஓவர்டைம் பார்த்திருந்தால், வேலையால் வந்தது என்று ஏற்பதற்கு ஜப்பானில் அது வலுவான அளவுகோல். உலக சுகாதார நிறுவனமும் சர்வதேசத் தொழிலாளர் அமைப்பும் 2021இல் வெளியிட்ட கணக்கு, வாரம் 55 மணி நேரமோ அதற்கு மேலோ வேலை பார்ப்பவர்களுக்கு, 35 முதல் 40 மணி பார்ப்பவர்களைவிடப் பக்கவாத அபாயம் 35 சதவீதமும் இதயநோயால் சாகும் அபாயம் 17 சதவீதமும் அதிகம் என்கிறது. இது கூட்டத்தைப் பற்றிய எண். குறிப்பிட்ட ஒருவருக்கு வந்த மாரடைப்பு வேலையால்தானா, பீடியாலா, பரம்பரையா என்று இந்த எண்ணை வைத்துச் சொல்ல முடியாது. இப்போது எல்லோரும் 'பர்ன் அவுட்' என்கிறார்களே, அதைச் சர்வதேச நோய்ப் பட்டியலில் வேலை சார்ந்த ஒரு நிலை என்றுதான் சேர்த்திருக்கிறார்கள், நோய் என்று இல்லை. ஓவர்ஒர்க் காரணம், பர்ன் அவுட் அதன் விளைவுகளில் ஒன்று. இரண்டையும் மாற்றிப் போடாதீர்கள்.

ஆக, லெட்டரைத் தமிழிலேயே எழுதுங்கள். மேனேஜருக்குத் தமிழ் தெரியும், சிரிக்கத் தெரிந்திருக்கிறது. இப்படி இருக்கலாம்: 'இன்ன இன்ன தேதிகளில் என் ஷிஃப்ட் முடிந்த பின்னும் மாற்று ஆள் வராததால், ஷிஃப்ட் இன்சார்ஜ் சொன்னதன் பேரில் தலா 4 மணி நேரம் கூடுதலாகப் பணியில் இருந்தேன். அந்த வாரத்தில் என் மொத்தப் பணிநேரம் 60 மணி. 48 மணிக்கு மேற்பட்ட 12 மணி நேரத்துக்கான மிகைநேர ஊதியத்தை வழங்கக் கேட்டுக்கொள்கிறேன்.' இடைவேளை கழிந்து எண்கள் மாறினால் மாற்றிக்கொள்ளுங்கள். கஷ்டம், உழைப்பு, விசுவாசம் எதுவும் வேண்டாம். இங்கிலீஷில்தான் வேண்டும் என்றால் 'ஓவர்டைம் வேஜஸ் ஃபார் 12 அவர்ஸ்' போதும். பஞ்ச் ரெக்கார்டையும் கேட் ரெஜிஸ்டரில் உங்கள் பெயர் இருக்கிற பக்கத்தையும் லெட்டர் கொடுப்பதற்கு முன்பே போட்டோ எடுத்து வையுங்கள். நகலில் 'பெற்றுக்கொண்டேன்' என்று கையெழுத்து வாங்குங்கள். ரிலீவர் இல்லாமல் நிற்க வைப்பது மாதாமாதம் நடக்கிறது என்றால் அதற்கு இன்னொரு லெட்டர், அது தனி. அங்கே 'ஓவர்ஒர்க்ட்' என்ற சொல்லைத் தாராளமாகப் போடலாம், பக்கத்தில் ஆள் எண்ணிக்கையை எழுதிவிட்டு: நாலு பேர் பார்த்த வேலையை இத்தனை மாதமாக இரண்டு பேர் பார்க்கிறோம்.

கடைசிக் கேள்வி: சேர்த்துத்தான் எழுத வேண்டும், நடுவில் கோடும் வேண்டாம். பிரித்து எழுதினால் 'வேலையைப் பற்றி' என்று ஆகிவிடும், 'ஃபைட் ஓவர் ஒர்க்' என்பது போல. ஓவர்டைமும் சேர்த்துத்தான்.